பாரிஸைக் கடந்த விமானம்

ஆணையும் அரசும் – 14

மிசிசிப்பி கவர்னர் ராஸ் பார்னட்டைச் சென்ற இதழில் பார்த்தோம். ஒரு கறுப்பின மாணவரைப் பல்கலைக்கழகத்தில் சேர்க்கச் சொன்ன நீதிமன்ற ஆணையை 1962-ல் நேருக்கு நேர் நின்று மறித்தவர் அவர். நாளொன்றுக்கு 10,000 டாலர் அபராதம் என்று நீதிமன்றம் எச்சரித்தும் மேடையேறி முழங்கினார். அவர் மீறுகிறார் என்பது அவருக்கும் தெரியும், உலகத்துக்கும் தெரியும்.

பெரும்பாலான அவமதிப்பு வழக்குகள் அப்படிப் பிறப்பதில்லை. யாரும் முழங்குவதில்லை. ஒரு கோப்பு நகராமல் கிடக்கும்; ஒரு தொலைபேசிச் செய்தி போய்ச் சேராது; சட்ட ஆலோசகரின் கருத்துக்காகக் காத்திருக்கிறோம் என்று ஒரு குறிப்பு எழுதப்படும். பிரிட்டன் உள்துறை அமைச்சர் கென்னத் பேக்கர் 1991 மே மாதம் செய்தது இந்த ரகம். யார் வழியையும் அவர் மறிக்கவில்லை. பதிவாகியிருந்த ஒரு விமானப் பயணத்தை ரத்து செய்யச் சொன்னார், அவ்வளவுதான். பதவியில் இருக்கும்போதே நீதிமன்ற அவமதிப்புக் குற்றவாளி என்று தீர்ப்பளிக்கப்பட்ட முதல் பிரிட்டிஷ் அமைச்சர் என்ற பெயர் அதனால்தான் அவருக்கு வந்தது.

வழக்குக்குக் காரணமான மனிதரின் பெயர் தீர்ப்பில் இல்லை. ‘எம்’ என்ற ஓர் எழுத்துதான் இருக்கிறது. சயீர் நாட்டுக்காரர்; இன்று அது காங்கோ ஜனநாயகக் குடியரசு. பள்ளி ஆசிரியர். மொபுட்டுவின் ஆட்சியில் தன் உயிருக்கு ஆபத்து என்று சொல்லி 1990 செப்டம்பரில் லண்டனில் வந்திறங்கிப் புகலிடம் கேட்டார். உள்துறை நம்பவில்லை. மறுப்பை எதிர்த்து உயர் நீதிமன்றம் போனார். 1991 மார்ச்சில் அங்கே விசாரணைக்கு எடுக்கவே மறுத்துவிட்டார்கள். மேல்முறையீட்டு நீதிமன்றமும் மே 1-ம் தேதி கைவிரித்தது. அன்று மாலை ஆறரை மணிக்கு ஹீத்ரோவிலிருந்து பாரிஸ், அங்கிருந்து கின்ஷாசா என்று அவருக்கு ஏற்கெனவே இடம் போட்டு வைத்திருந்தார்கள்.

இடையில் இருந்தது சில மணி நேரம்தான். அதற்குள் எம் வேறு வழக்கறிஞர்களைப் பிடித்தார். புதிய காரணங்கள் இருக்கின்றன, விமானத்தை நிறுத்துங்கள் என்று அவர்கள் நீதிபதி கார்லண்டின் அறைக்கு ஓடியபோது மணி ஐந்தரையை ஒட்டியிருந்தது. கட்டுக்கட்டான ஆவணங்களை அரை மணி நேரத்தில் படித்து முடிவெடுக்க எந்த நீதிபதியாலும் முடியாது. ‘நாளைக் காலை நிதானமாகப் பார்ப்போம், அதுவரை அவரை அனுப்ப வேண்டாம்’ என்பது அவருடைய எண்ணம். உள்துறைக்காக வந்திருந்த வழக்கறிஞரிடம் கேட்டார். அனுப்ப மாட்டோம் என்று அவர் உறுதி கொடுத்ததாக நீதிபதி எடுத்துக்கொண்டார். வழக்கறிஞரோ நிறுத்த முயற்சி செய்வதாக மட்டுமே தான் சொன்னதாக நினைத்துக்கொண்டு வெளியே வந்தார். இரண்டுக்கும் நடுவே இருந்த இடைவெளியில் விமானம் புறப்பட்டுவிட்டது.

பாரிஸில் எம் விமானம் மாற வேண்டியிருந்தது. அங்கேயே அவரை இறக்கியிருக்கலாம். இறக்கவில்லை. லண்டனில் ஒரு மேஜையிலிருந்து இன்னொரு மேஜைக்குச் செய்தி நகர்ந்துகொண்டிருந்தபோது அவர் ஆப்பிரிக்காவுக்குப் பறந்துகொண்டிருந்தார். சதி எதுவும் நடந்ததாக எந்த நீதிமன்றமும் சொல்லவில்லை. குளறுபடிக்கு மேல் குளறுபடி. இதுவரை நடந்ததற்கு யாரையும் தண்டிக்க முகாந்திரம் இல்லை என்பதுதான் என் கருத்தும்.

எம் போய்விட்ட செய்தி இரவு பதினோரு மணிக்கு மேல் கார்லண்டின் வீட்டுத் தொலைபேசிக்கு வந்தது. நள்ளிரவு வாக்கில் அவர் ஓர் ஆணை போட்டார்: உள்துறை அமைச்சர் அந்த மனிதரைப் பத்திரமாகத் திரும்பக் கொண்டுவர வேண்டும்; ஆட்சேபணை இருந்தால் காலையில் என்னிடமே வந்து ஆணையை மாற்றக் கேட்கலாம். இரண்டாவது பாதியை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். கதவு திறந்துதான் இருந்தது.

உள்துறையின் கீழ்மட்டத்துக்கு ஒரு பாராட்டு சொல்ல வேண்டும். ஆணை கைக்கு வந்ததும் அதிகாரிகள் கின்ஷாசா பிரிட்டிஷ் தூதரகத்தைப் பிடித்தார்கள். திரும்பும் விமானத்தில் இடம் பதிவானது. ஆணை தானாக நிறைவேறிக்கொண்டிருந்தது.

மறுநாள் மே 2 பிற்பகலில் விஷயம் மேலே போனது. பேக்கரும் அவருடைய ஆலோசகர்களும் கூடிப் பேசினார்கள். புகலிடத்தை மறுத்தது சரியான முடிவு என்று அமைச்சர் நம்பினார். அதோடு இன்னொன்றும் சொன்னார்கள்: அரசின் அமைச்சருக்கு எதிராக இப்படி ஓர் இடைக்கால ஆணை போட எந்த நீதிபதிக்கும் அதிகாரமே கிடையாது, ஆகவே இது செல்லாத ஆணை. திரும்பும் பயணம் ரத்தானது. நீதிமன்றத்துக்குப் போய் ஆணையை விலக்கக் கேட்டது அதற்கு மறுநாள், மே 3 அன்று. அதாவது முதலில் மீறினார்கள், பிறகு அனுமதி கேட்டார்கள். கார்லண்டும் தனக்கு அதிகாரம் இல்லை என்பதை ஒப்புக்கொண்டு அன்றே ஆணையை விலக்கிக்கொண்டார். உள்துறையின் கணக்குப்படி விவகாரம் அங்கே முடிந்தது.

நம் அரசு அலுவலகங்களோடு பழகியவர்களுக்கு இந்த மனப்போக்கு புதிதல்ல. ‘அப்பீல் போட உத்தேசித்திருக்கிறோம்’ என்ற ஒற்றை வரியை வைத்துக்கொண்டு எத்தனை தீர்ப்புகளை எத்தனை ஆண்டுகள் கட்டி வைத்திருக்கிறார்கள்! மேல்முறையீடு தாக்கல் செய்தாலே தடை கிடைத்ததாக ஆகாது என்று நம்முடைய சிவில் நடைமுறைச் சட்டம் வெளிப்படையாகச் சொல்கிறது. பேக்கர் தரப்பு அந்த வரியைக்கூட எழுதவில்லை. ஆணை தவறு என்று தாங்களே தீர்ப்பெழுதிக்கொண்டார்கள்.

பேக்கருக்கு வந்த சட்ட ஆலோசனை வெறும் சப்பைக்கட்டு அல்ல. ‘மன்னர் தவறு செய்யமாட்டார்’ என்ற பழைய கோட்பாட்டின் நிழல் 1947-ம் ஆண்டின் அரச வழக்குகள் சட்டத்தில் மிச்சமிருந்தது. அரசின் மீது வழக்குப் போடலாம், இழப்பீடு கேட்கலாம். ஆனால் ‘இதைச் செய், இதைச் செய்யாதே’ என்று அரசுக்குத் தடையாணை போட முடியாது. நீதிமன்றம் உரிமை இன்னாருடையது என்று அறிவிக்கும், அரசு கனவானைப் போல அதை மதித்து நடந்துகொள்ளும் என்பது ஏற்பாடு. ஸ்பானிய மீன்பிடிப் படகுகள் தொடர்பான ஃபேக்டர்டேம் வழக்கில், அன்றைக்கு நாட்டின் உச்ச மேல்முறையீட்டு மன்றமாக இருந்த பிரபுக்கள் சபை 1989-ல் இதை மறுபடியும் உறுதிசெய்திருந்தது. அந்த வழக்கே லக்சம்பர்க்கில் உள்ள ஐரோப்பிய நீதிமன்றத்துக்குப் போய், ஐரோப்பியச் சட்டம் தரும் உரிமை என்றால் பிரிட்டிஷ் அரசுக்கும் தடையாணை போட்டாக வேண்டும் என்று 1990-ல் தீர்ப்பானது. விளைவு விசித்திரமானது. லண்டன் நீதிமன்றத்தில் நின்று ஸ்பானியப் படகு முதலாளி பிரிட்டிஷ் அமைச்சரின் கையைக் கட்டலாம். உயிருக்குப் பயந்து வந்த ஆப்பிரிக்க ஆசிரியரால் முடியாது.

ஹீத்ரோவில் இப்படி ஓர் அவசரம் நடப்பது முதல் முறையும் அல்ல. நான்கு ஆண்டுகளுக்கு முன், 1987 பிப்ரவரியில், இலங்கையிலிருந்து வந்து புகலிடம் கேட்ட ஐம்பதுக்கும் மேற்பட்ட தமிழர்களை விமானமேற்றித் திருப்பியனுப்ப முயன்றார்கள். அவர்கள் விமான நிலையத்திலேயே ஆடைகளைக் களைந்து உள்ளாடையோடு நின்று ஏற மறுத்தார்கள். அந்தப் படங்கள் உலகப் பத்திரிகைகளில் வந்தன. கிடைத்த நேரத்தில் அவர்களுடைய வழக்கறிஞர்கள் உயர் நீதிமன்றத்துக்கு ஓடி அனுப்புவதைத் தடுத்து நிறுத்தினார்கள். அரசு அதற்குச் சொன்ன பதில், உரிய ஆவணம் இல்லாதவரை ஏற்றிவரும் விமான நிறுவனத்துக்குத் தலைக்கு 1,000 பவுண்ட் கட்டணம் விதிக்கும் புதிய சட்டம்.

அதே ஆண்டு டிசம்பரில் ஆறு தமிழர்களின் புகலிட வழக்கு பிரபுக்கள் சபையில் தோற்றது. 1988 பிப்ரவரியில் அவர்களில் சிலரை இலங்கைக்கு அனுப்பிவிட்டார்கள். அன்றைய குடியேற்றச் சட்டத்தில் ஒரு வேடிக்கை உண்டு: உள்துறையின் மறுப்பை எதிர்த்து மேல்முறையீடு செய்யும் உரிமை இருந்தது, ஆனால் அதைப் பயன்படுத்த முதலில் நாட்டைவிட்டு வெளியேற வேண்டும். ‘அங்கே போனால் ஆபத்து’ என்ற முறையீட்டை அங்கே போய் உட்கார்ந்துகொண்டு எழுத வேண்டும். எழுதினார்கள். 1989-ல் தீர்ப்பாய அதிகாரி அவர்கள் பக்கம் தீர்ப்புச் சொன்னார். அக்டோபரில் அவர்கள் பிரிட்டனுக்குத் திரும்ப அழைத்துவரப்பட்டார்கள். சட்டம் அவர்களைத் தேடிப் பிடிக்க இருபது மாதம் ஆனது. அனுப்பிவைத்துவிட்டால் கோப்பு மூடிக்கொள்ளும் என்ற நினைப்பு உள்துறைக்கு எங்கிருந்து வந்தது என்பதற்கு இதைவிட விளக்கம் வேண்டியதில்லை. எம் வழக்கில் அந்த மூடிய கோப்பைத்தான் ஒரு நீதிபதி நள்ளிரவில் திறக்கச் சொன்னார்.

எம்முடைய வழக்கறிஞர்கள் விடவில்லை. ஆணை தவறாகவே இருக்கட்டும், விலக்கப்படும்வரை அது ஆணைதானே என்று கேட்டு அவமதிப்பு வழக்குத் தொடுத்தார்கள். 1991 ஜூலையில் நீதிபதி சைமன் பிரௌன் அதைத் தள்ளுபடி செய்தார். அரசை அவமதிப்புக்காகத் தண்டிக்க முடியாது, உள்துறையும் அமைச்சரும் அரசின் அங்கங்கள்தான் என்பது அவருடைய முடிவு.

நவம்பர் 29-ம் தேதி மேல்முறையீட்டு நீதிமன்றத்தில் காட்சி மாறியது. மூவரில் இருவர் பேக்கருக்கு எதிராக நின்றார்கள். அவர்கள் எடுத்த வழி துணிச்சலானது. ‘உள்துறை’ என்பது சட்டத்தின் கண்ணில் ஒரு நபரே அல்ல. அதன் மீது குற்றம் சொல்ல முடியாது. ‘மன்னர்’ மீது சொல்ல முடியாது. அப்படியானால் மே 2 அன்று ரத்து செய்யச் சொன்னது யார்? கென்னத் பேக்கர் என்ற மனிதர். ஆகவே அவமதித்தவர் அவர்தான், சொந்த முறையில். அபராதம் இல்லை, சிறை இல்லை. வழக்குச் செலவு மட்டும். பேக்கர் பதவி விலகவில்லை. சட்ட ஆலோசனைப்படி நடந்தேன் என்றார். அதில் பொய்யும் இல்லை.

இரு தரப்பும் பிரபுக்கள் சபைக்குப் போயின. ஐந்து நீதிபதிகள். 1993 ஜூலை 27 அன்று வந்த தீர்ப்பில் பிரதான உரையை எழுதியவர் வுல்ஃப் பிரபு. நூற்றாண்டுகளாகப் பின்னிக் கிடந்த முடிச்சை அவர் நிதானமாக அவிழ்த்தார். மன்னர் வேறு, அமைச்சர் வேறு. அமைச்சருக்குச் சட்டம் நேரடியாகத் தரும் அதிகாரத்தை அவர் பயன்படுத்தும்போது, மன்னரின் போர்வைக்குள் ஒளிந்துகொள்ள முடியாது. 1947-ம் ஆண்டுச் சட்டம் சாதாரண சிவில் வழக்குகளைப் பற்றியது. அரசு முடிவுகளை நீதிமன்றம் சீராய்வு செய்யும் வழக்குகளை அது தொடவே இல்லை. ஆகவே கார்லண்டுக்கு அன்றிரவு அதிகாரம் இருந்தது. தனக்கு அதிகாரம் இல்லை என்று மே 3-ல் ஒப்புக்கொண்ட அந்த நீதிபதி, இரண்டு ஆண்டுகள் கழித்துத் தன் நள்ளிரவு ஆணை சட்டப்படி சரியே என்று தெரிந்துகொண்டார்.

டெம்பிள்மன் பிரபு எழுதியது சில பத்திகள்தான். ஆனால் வழக்கை எல்லோரும் நினைவில் வைத்திருப்பது அவற்றால்தான். அரசாங்கம் சட்டத்துக்குக் கீழ்ப்படிவது தன் தயவால், கட்டாயத்தால் அல்ல என்று ஒப்புக்கொண்டால், மன்னருக்கும் நாடாளுமன்றத்துக்கும் நடந்த உள்நாட்டுப் போரின் முடிவையே தலைகீழாக்கியது போலாகும் என்பது அவர் சொன்னதன் சாரம். நீதிமன்ற அலங்காரப் பேச்சு என்று தள்ளிவிட வேண்டாம். சட்டத்துக்கு மேல் நான் என்று நின்ற முதலாம் சார்லஸை 1649 ஜனவரியில் தலை வெட்டியது ஒயிட்ஹால் வீதியில், பாங்க்வெட்டிங் மாளிகைக்கு முன்னால். பேக்கரின் உள்துறை அலுவலகம் இருந்த குயின் ஆன்ஸ் கேட்டிலிருந்து அந்த இடத்துக்கு நடந்தே போய்விடலாம்.

எனக்கு இந்தத் தீர்ப்பில் ஒரு குறை உண்டு. பேக்கர் மீது சொந்த முறையில் சொல்லப்பட்ட குற்றத்தைப் பிரபுக்கள் சபை மாற்றியது. அவமதித்தது பேக்கர் அல்ல, ‘உள்துறை அமைச்சர்’ என்ற பதவி என்று திருத்தி எழுதியது. தர்க்கம் புரிகிறது: அவர் எடுத்தது பதவி வழி முடிவு, நல்லெண்ணத்தோடு ஆலோசனை கேட்டு எடுத்தது. ஆனால் தீர்ப்பு வந்த நாளில் பேக்கர் அந்த நாற்காலியில் இல்லை. 1992 தேர்தலோடு அமைச்சரவையைவிட்டுப் போயிருந்தார். பிறகு கென்னத் கிளார்க் வந்து போய், இரண்டு மாதம் முன்புதான் மைக்கேல் ஹாவர்ட் வந்து உட்கார்ந்திருந்தார். குற்றவாளி என்ற பட்டம் விழுந்தபோது அதை வாங்கிக்கொள்ள ஆளே இல்லை. நாற்காலிக்கு வெட்கம் கிடையாது, ஓய்வூதியமும் கிடையாது. அவமதித்தார் என்று அறிவிப்பதே போதும், அதை வைத்து நாடாளுமன்றம் பார்த்துக்கொள்ளும் என்று வுல்ஃப் நினைத்தார். கனவானின் நேர்மையை நம்பிய பழைய ஏற்பாட்டை முன்வாசல் வழியே அனுப்பிவிட்டுப் பின்வாசல் வழியே திரும்ப அழைத்துக்கொண்டதாகவே எனக்குப் படுகிறது.

லண்டன் 1993-ல் வந்து சேர்ந்த இடத்துக்கு டெல்லி எப்போது வந்தது?

1960-ல். முப்பத்து மூன்று ஆண்டுகள் முன்னால். இந்திய வாசகர்களே அதிகம் பேசாத வழக்கு அது: பீகார் அரசுக்கும் ராணி சோனாபதி குமாரிக்கும் நடந்தது. சந்தால் பர்கானா பகுதியில் ஜமீன் அவருடையது. ஜமீன்களை அரசே எடுத்துக்கொள்ளும் பீகார் நிலச் சீர்திருத்தச் சட்டம் வந்ததும், சட்டமே செல்லாது என்று ராணி கீழ் நீதிமன்றத்தில் வழக்குப் போட்டு, அரசு தன் ஜமீனில் கைவைக்கக் கூடாது என்று இடைக்காலத் தடையும் வாங்கினார். 1952-ல் உச்ச நீதிமன்றம் அந்தச் சட்டத்தைப் பெரும்பாலும் செல்லும் என்று சொன்ன பிறகு, ராணியின் தடை நடைமுறையில் இருக்கும்போதே பீகார் அரசு அவருடைய ஜமீனை எடுத்துக்கொள்ளும் அறிவிக்கையை வெளியிட்டுவிட்டது. தடையை விலக்கக் கேட்டு ஒரு மனுப் போட்டிருந்தால் எளிதில் கிடைத்திருக்கும். போடவில்லை. பேக்கருக்குத் திறந்திருந்த அதே கதவு.

கீழ் நீதிமன்ற நீதிபதி தயங்கவில்லை. அரசின் சொத்தில் 5,000 ரூபாய் மதிப்புக்கு ஜப்தி செய்யச் சொன்னார். உயர் நீதிமன்றமும் அதை ஆமோதித்தது. அரசு உச்ச நீதிமன்றம் வந்து சொன்ன வாதம் லண்டன் வாதத்துக்கு அண்ணன் முறை: தடையை மீறிய ‘நபரை’ச் சிறையில் வைக்கலாம் என்கிறது சட்டம், அரசைச் சிறையில் வைக்க முடியாது, ஆகவே அந்த விதி அரசுக்குப் பொருந்தாது. ஐந்து நீதிபதிகள் கொண்ட அமர்வுக்காகத் தீர்ப்பெழுதியவர் என். ராஜகோபால ஐயங்கார். இந்தியக் காப்புரிமைச் சட்டத்தை ஆராய்ந்து 1959-ல் அறிக்கை கொடுத்தாரே, அதே ஐயங்கார். சென்னை உயர் நீதிமன்றத்திலிருந்து உச்ச நீதிமன்றத்துக்குப் போய் இரண்டு மாதம்கூட ஆகவில்லை. அரசைச் சிறையில் அடைக்க முடியாது என்பதால் அதன் சொத்தை ஜப்தி செய்யக் கூடாது என்று ஆகிவிடாது என்று அந்த வாதத்தை அவர் ஒதுக்கினார்.

ஐயங்கார் ஒரு விதிவிலக்கும் தந்தார், நியாயமானது. ஆணையின் வாசகம் உண்மையிலேயே இரண்டு பொருளுக்கு இடம் தந்து, மீற வேண்டும் என்ற எண்ணமில்லாமல் தனக்குப் புரிந்தபடி ஒருவர் நடந்திருந்தால், அவர் வேண்டுமென்றே மீறியதாகாது. பீகார் அரசுக்கு எதிரான தடையில் அப்படி ஒரு குழப்பம் இல்லை. மேல்முறையீடு தள்ளுபடியானது. முடியாட்சியின் போர்வை என்ற ஒன்றே இல்லாத குடியரசு நீதிமன்றத்துக்கு இதைச் சொல்ல லண்டனைப்போல நூற்றாண்டு முடிச்சுகளை அவிழ்க்க வேண்டியிருக்கவில்லை.

அந்த 5,000 ரூபாயும் நாற்காலியின் பணம்தான், கையெழுத்துப் போட்டவரின் பணம் அல்ல. பதவியைத் தண்டிப்பதோடு இந்திய நீதிமன்றங்கள் நின்றுவிடவில்லை என்பதில்தான் இரு நாடுகளும் பிரிகின்றன. பிரபுக்கள் சபை பேக்கரின் பெயரை அழித்த மறு ஆண்டே, அயோத்தி தொடர்பாக உச்ச நீதிமன்றத்துக்குக் கொடுத்த உறுதியைக் காப்பாற்றாத உத்தரப் பிரதேச முன்னாள் முதல்வர் கல்யாண் சிங்குக்கு ஒரு நாள் சிறையும் 2,000 ரூபாய் அபராதமும் விதிக்கப்பட்டன. 2006-ல் மகாராஷ்டிரத்தின் வனத்துறை அமைச்சராக இருந்த ஸ்வரூப் சிங் நாயக்கும் முதன்மைச் செயலாளராக இருந்த அசோக் கோட்டும், தடையை மீறி மர அறுவை மில்களுக்கு அனுமதி கொடுத்ததற்காக ஆளுக்கு ஒரு மாதச் சிறை பெற்றார்கள். இந்தப் பாதையின் இன்னொரு முனையும் உண்டு: 2023 ஏப்ரலில் அலகாபாத் உயர் நீதிமன்றம் நிதித்துறை அதிகாரிகள் இருவரை நீதிமன்ற அறையிலேயே காவலில் எடுக்க வைத்தது, உச்ச நீதிமன்றம் மறுநாளே தலையிட்டது. எடுத்ததற்கெல்லாம் அதிகாரிகளை நேரில் வரவழைக்கக் கூடாது என்று 2024 ஜனவரியில் விதிமுறைகளும் வகுத்துக் கொடுத்தது. ஓய்வுபெற்ற நீதிபதிகளின் சலுகைகள் தொடர்பான வழக்கில் அதிகாரிகளைக் காவலில் வைத்த அந்தக் காட்சியைப் பார்த்தால், பதவி வேறு ஆள் வேறு என்று பிரித்த வுல்ஃப் பிரபுவின் தயக்கத்திலும் கொஞ்சம் நியாயம் இருப்பதாகத் தோன்றும்.

ஆனால் அதற்கு முன்னால் ஓர் ஐ.ஏ.எஸ். அதிகாரியின் கதை இருக்கிறது. 1995-ல் கர்நாடக வீட்டுவசதி, நகர்ப்புற வளர்ச்சித் துறைச் செயலாளர் ஜே. வாசுதேவனுக்கு உச்ச நீதிமன்றம் ஒரு மாதச் சிறை விதித்தது. பெங்களூர் மாநகராட்சிப் பொறியாளர் ஒருவரின் பதவி உயர்வு பற்றிய ஆணையை நிறைவேற்றவில்லை என்பது குற்றம். அடுத்த இதழில் அந்தக் கோப்பைப் பிரிப்போம்.